பஸ்ஸை விட்டு இறங்குபவர்களிடம் கேட்கும் கேள்வி

சிதம்பரத்தில் ஒரு கல்லூரியில் கம்ப்யூட்டர் பாடம் எடுக்கிறேன். செயற்கை நுண்ணறிவின் ஆரம்பகால ஆராய்ச்சியாளர்களுக்கு ஒரு பேராசை இருந்தது. கைதேர்ந்த ஆளைத் துருவித் துருவிக் கேட்டு, ‘இப்படி இருந்தால் இப்படிச் செய்’ என்று விதிகளாக எழுதிவிட்டால், அவர் அறிவு முழுக்க மெஷினுக்கு வந்துவிடும் என்று நம்பினார்கள். அது எங்கே சறுக்கியது என்று வகுப்பில் நானே நடத்தியிருக்கிறேன். ஆனாலும் கை சும்மா இருக்கவில்லை.

கைதேர்ந்த ஆள் என் அக்காதான். அவள் வாழ்க்கைப்பட்டது கடலூரில், குடிகாட்டுப் பக்கம், கெமிக்கல் கம்பெனிகளை ஒட்டிய தெரு. காற்றில் வரும் வாடையை வைத்தே ஜன்னலைச் சாத்தினால் போதுமா, கைக்குழந்தையைத் தூக்கிக்கொண்டு கிளம்ப வேண்டுமா என்று சொல்லிவிடுவாள். இரண்டு ஞாயிற்றுக்கிழமை உட்கார்ந்து கேட்டேன். அழுகின முட்டை வாடை, நெயில்பாலிஷ் வாடை, எல்லாம் விதியாயின. ‘வாடை இல்லையென்றால் பயமில்லை’ என்பதை மட்டும் அவளைக் கேட்காமல் நானே எழுதினேன். இதையெல்லாமா கேட்பார்கள்?

விதிகளை ஒரு ஆப்பாக்கி அவள் போனில் போட்டுக் கொடுத்தேன்; என்ன வாடை என்று தட்டினால் என்ன செய்வதென்று சொல்லும். “என்னையே உள்ள அடைச்சிட்டியேடா” என்று சிரித்தாள். எனக்குத் தலைகால் புரியவில்லை.

நாலு மாதம் கழித்து ஒரு மத்தியானம் அவள் ஊரில் பஸ்ஸை விட்டு இறங்கினேன். அழுகின முட்டை வாடை முகத்தில் அடித்தது. கைக்குட்டையால் மூக்கைப் பொத்திக்கொண்டு ஓடினேன். ஜன்னல்களெல்லாம் திறந்து கிடந்தன. அக்கா நிம்மதியாக வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள்.

“வாடா. காலைல வாடை வந்துச்சு, இப்ப சுத்தமா இல்ல. போனும் பயமில்லன்னுதான் சொல்லுது.”

பக்கத்து வீட்டம்மா வேலிக்கு அந்தப் பக்கமிருந்து கூப்பிட்டார். “தம்பி, இப்பதான பஸ்ஸ விட்டு எறங்குனீங்க? வாடை வருதா?”

அப்போதுதான் விளங்கியது. நெடுநேரம் அந்தக் காற்றிலேயே இருந்தால் மூக்கு மரத்துப்போகும். அதனால் வெளியூரிலிருந்து வருபவரைக் கேட்பது அந்தத் தெருவின் வழக்கம். என்னையே எத்தனையோ தடவை கேட்டிருக்கிறார்கள். ‘சாப்பிட்டீங்களா’ மாதிரி என்று நினைத்திருந்தேன். அக்காவும் அதை ஒரு விஷயமாகச் சொல்லவில்லை. போன் வந்த பிறகு அவள் யாரையும் கேட்பதில்லை.

“ரொம்ப வருதும்மா” என்று கத்தினேன். என் அறிவுகெட்டத்தனத்தை நினைக்க எனக்கே கூசியது.

அக்கா என் கைக்குட்டையைப் பார்த்தாள். வெங்காயத்தைப் போட்டுவிட்டு உள்ளே ஓடினாள். தூளியில் குழந்தை விடாமல் இருமிக்கொண்டிருந்தது.

“காலைலேர்ந்து இப்டிதான்டா இருக்கு” என்றாள். “சளின்னு நெனச்சேன்.”