பெரட்டுக் கல் பரமசிவன்

"பதினேழு!"

"இருக்கேன்."

"பதினெட்டு!"

பதினெட்டு பல் விளக்கிக்கொண்டிருந்தார். வாய் நிறைய நுரை, அதனால் கையை மட்டும் தூக்கினார். பரமசிவனுக்கு அது போதவில்லை.

"வாயத் தொறந்து சொல்லு. கையி எல்லாருக்கும் ஒண்ணுபோலத்தான் இருக்கும்."

பதினெட்டு துப்பிவிட்டு, "இருக்கேண்ணே" என்றார். அதற்கப்புறம்தான் பரமசிவனின் காதிலிருந்து பென்சில் இறங்கி நோட்டில் ஒரு கோடு போட்டது.

மணி காலை ஏழு. கல்லிச்சோலை எஸ்டேட் கேட்டில் பூட்டுத் தொங்க ஆரம்பித்து ஒரு வருஷத்துக்கு மேலாகிறது. தேயிலை விலை விழுந்துவிட்டது, பறிக்கிற கூலிக்கே இலை காணாது என்று முதலாளி கீழ்நாட்டுக்குப் போய் உட்கார்ந்துவிட்டார். சங்கு ஊதுவதில்லை. கவ்வாத்துப் பார்க்க ஆளில்லாமல் இடுப்பளவுச் செடியெல்லாம் மரமாகிவிடும் முடிவோடு கிளம்பியிருக்கின்றன. கங்காணி பரமசிவன் மட்டும் தினமும் களத்து மூலைக் கல்லில் ஏறி, சட்டைக் காலரின் பின்னால் குடையைத் தொங்கவிட்டுக்கொண்டு ஆள் கூப்பிடுகிறார். வேலைக்கு ஆள் எண்ணும் அந்தக் கூட்டத்துக்கு நம் பக்கத்தில் மஸ்டர் என்று பெயர். சிலோனிலிருந்து வந்தவர்களுக்கு அது பெரட்டு.

பெரட்டு முடிந்து யாருக்கும் வேலை கிடைப்பதில்லை. நூற்றுச் சொச்சம் பேரும் 'இருக்கேன்' சொல்லிவிட்டு, தேவாலா, கூடலூர் என்று கிடைத்த கூலிக்குக் கலைந்து போகிறார்கள். எதற்கு இந்தக் கூத்து என்று ஒருநாள் அவரிடம் கேட்டேன்.

"கேட்டு எப்பத் தொறந்தாலும், ஆளே இல்ல, வெளியாளப் போட்டுக்கிட்டேன்னு தொரை சொல்லிறக் கூடாதுல்ல."

லயம் என்கிற தொழிலாளர் வரிசை வீடுகளில் குடியிருக்கும் வாசுகி வேறு காரணம் சொன்னாள். "வராட்டி லயத்துக்கே வந்து கதவைத் தட்டுவாருங்க. அந்தத் தொல்லைக்கு வந்துட்டே போயிறலாம்."

பரமசிவனுக்கு வயது ஐம்பத்தாறு. பாஸ்போர்ட் ஐம்பத்தொன்பது என்கிறது. கேட்டால், "கப்பல்ல மூணு வருசம் தண்ணியில விழுந்து போச்சு" என்பார். சிலோனில் அட்டன் பக்கத்துத் தேயிலைத் தோட்டத்தில் பிறந்து, எழுபத்து நாலில் மண்டபம் கேம்ப் வழியாக வந்தவர். டீயை இன்னும் 'தேத்தண்ணி' என்றுதான் கேட்பார். சர்க்கரையை டம்ளரில் போட விடமாட்டார். உள்ளங்கையில் வாங்கி நக்கிக்கொண்டே குடிப்பார். எண்ணுகிற பழக்கம் எங்கே போனாலும் கூடப் போகும். லயத்து ஆட்கள் அத்தனை பேரும் ஏறும்வரை பஸ்ஸில் கால் வைக்கமாட்டார். போன தையில் ஒரு கல்யாணப் பந்தியில் எழுந்து நின்று எண்ணி, மாப்பிள்ளை வீட்டில் நாலு பேர் இரண்டாம் முறை உட்கார்ந்திருப்பதைக் கண்டுபிடித்துச் சொன்னார். அன்றிலிருந்து கல்யாண வீட்டுக்காரர்கள் அவரை முதல் பந்தியிலேயே உட்கார வைத்து அனுப்பிவிடுகிறார்கள்.

நான் கோயம்புத்தூரிலிருந்து வந்து தேவாலா பஜாரில் தையல் கடை போட்டு ஆறு வருஷம். வந்த மறுவருஷமே வாக்காளர் பட்டியலில் என் பெயர் இருந்தது, அப்பா பெயரோடு, ஒரு தப்பில்லாமல். எங்கிருந்து வந்தாய் என்று ஒரு நாய்கூடக் கேட்கவில்லை. பரமசிவன் வந்து இருபத்தேழு வருஷம். பஜாரில் அவர் இன்னும் 'சிலோன்காரர்'.

"அங்கன இந்தியாக்காரன்னாங்க, இங்கன சிலோன்காரன்னுறாங்க" என்பார் சர்க்கரையை நக்கிக்கொண்டே. "ரெண்டு கச்சியும் பேசி ஒரு முடிவுக்கு வரட்டும். அதுவரைக்கும் நான் பெரட்டைக் கூப்புட்டுக்கிட்டு இருக்கேன்."

இந்த முறை பஞ்சாயத்துத் தேர்தல் வந்தபோது அந்தப் பேச்சு விளையாட்டாக இல்லாமல் போயிற்று. எஸ்டேட் மூடியதும் லயத்துக்குத் தண்ணீரும் நின்றது. பெண்கள் பஞ்சாயத்தில் குழாய் கேட்டார்கள். ஒரு வார்டில் நூற்றுச் சொச்சம் ஓட்டு என்பது ஆளையே கவிழ்க்கிற ஓட்டு. வார்டைப் பத்து வருஷமாக மடியில் முடிந்து வைத்திருந்த ஒப்பந்தக்காரர் நல்லசாமி ஒரு மனு எழுதினார். கல்லிச்சோலை லயத்தில் யாரும் குடியில்லை, எல்லோரும் ஊரைவிட்டுப் போய்விட்டார்கள், நூற்றுப் பதினெட்டுப் பெயரையும் பட்டியலிலிருந்து நீக்க வேண்டும் என்று.

"ஏனுங்க, எஸ்டேட்டே இல்லீங்க. அப்புறம் ஆளு எப்படிங்க இருக்கும்?" என்று என் கடை பெஞ்சில் உட்கார்ந்து நியாயம் கேட்டார். எனக்கும் அன்று அது நியாயமாகத்தான் பட்டது. டீ அவர் வாங்கிக் கொடுத்தது.

விசாரணைக்கு வந்த அதிகாரி நல்ல மனுஷர். அத்தனை பேரையும் தாலுகா ஆபீசுக்கு அலைய விடாமல், மழையில் ஜீப்பை விட்டுக்கொண்டு, காலை ஏழரைக்குப் பெரட்டுக் களத்துக்கே வந்துவிட்டார். கூடவே நல்லசாமி. வேடிக்கை பார்க்க நானும் தொற்றிக்கொண்டேன். பெயர் வாசிப்பார், ஆள் பதில் சொன்னால் பெயர் தங்கும், இல்லாவிட்டால் அடிபடும். அவ்வளவுதான் விசாரணை.

அதிகாரி பட்டியலைப் பிரித்து முதல் பெயரை வாசித்தார். எதிரே நூறு பேர் குடையும் சாக்குமாக நிற்கிறார்கள். ஒரு வாய் திறக்கவில்லை. இரண்டாவது பெயர். மழைச் சத்தம் மட்டும். எட்டுப் பெயர் வாசித்தார், எட்டுக்கும் பெருக்கல் குறி போட்டார்.

"என்னங்க இது, ஆள் நிக்குது, சத்தம் வரலீங்களே?"

"வேன் வெச்சுக் கூட்டியாந்த ஆளுங்க சார்" என்றார் நல்லசாமி. "பேரு இன்னும் மனப்பாடம் ஆகலைங்க போல."

ஒன்பதாவதாக வந்தது வாசுகியின் பெயர். கறிக்கடைத் தராசில் கை வைத்துத் தூக்கிப் பார்க்கிற வாசுகி, பஜாரே பயப்படுகிற வாசுகி, முந்தானையை இழுத்து மூடிக்கொண்டு அடுத்தவள் முதுகுக்குப் பின்னால் போய் நின்றாள். அப்போதுதான் பரமசிவனுக்குப் புரிந்தது. விறுவிறுவென்று கல்லில் ஏறினார்.

"சார், அந்தத் தாளைக் கொஞ்சம் நிப்பாட்டுங்க. பெரட்டுல வேலைக்கு நம்பர்தான் கூப்புடுறது. பேரைச் சொல்லி ஒருத்தரக் கூப்புட்டா, சீட்டக் கிழிச்சாச்சு, மூட்டையைக் கட்டுன்னு அர்த்தம். அங்கனயும் அப்படித்தான், இங்கனயும் அப்படித்தான். இந்தக் களத்துல நின்னு யாரு சார் பேருக்கு வாயத் தொறப்பா?"

அதிகாரி பேனாவை மூடினார். "அப்ப நீங்களே கூப்பிடுங்க. ஆனா பேரையும் சொல்லச் சொல்லுங்க."

"ஒண்ணு! பேரையும் சேத்துச் சொல்லு. ஒண்ணும் ஆகாது, நான் நிக்கிறேன்ல."

"இருக்கேன்" என்றது ஒரு குரல். கொஞ்சம் பொறுத்து, தண்ணீரில் கால் வைத்துப் பார்ப்பதுபோல, "அன்னக்கிளி."

பெருக்கல் குறி ஒன்று அடிபட்டது. அப்புறம் மழையோடு மழையாகப் பெயர்கள் கொட்டின. ஒரு கிழவர் மட்டும் நடுவில் நின்று, "எழுதியிருக்க பேரா, கூப்புடுற பேரா?" என்று கேட்டார். "ரெண்டையும் சொல்லிப் போடுங்க" என்றார் அதிகாரி. அவருக்கே சிரிப்பு வந்துவிட்டது. வாசுகி தன் முறை வந்ததும் நல்லசாமியைப் பார்த்தபடியே பெயரைச் சொன்னாள். கேட்காமலே இன்னொரு தரமும் சொன்னாள்.

"முப்பத்தொண்ணு!"

பதில் இல்லை. பரமசிவன் இரண்டாம் தரம் கூப்பிடவில்லை.

"முப்பத்தொண்ணு இல்லீங்க சார். விஜயன். திருப்பூர் போயி ஏழு மாசமாச்சு, பனியன் கம்பெனியில இருக்கான். வெட்டிருங்க."

"எம் மகன்னு சொல்லுங்கண்ணே!" என்று வாசுகி பின்னாலிருந்து கத்தினாள். "பெத்தவரே வெட்டச் சொல்றாரு, பாருங்க!"

அதிகாரி நிமிர்ந்து பார்த்தார். "உங்க பையனுங்களா? ஒரு நாளைக்கு வந்துட்டுப் போகச் சொல்லியிருக்கலாமுங்களே."

"இல்லாதவன இருக்கான்னு சொன்னா, இருக்கவன் சொல்றத நாளைக்கு யாரு சார் நம்புவா?"

அதற்கப்புறம் அதிகாரி கூட்டத்தைப் பார்க்கவே இல்லை. பரமசிவன் 'இருக்கு' என்றால் டிக், 'இல்லீங்க' என்றால் கோடு. பதினாலு பேர் இல்லை என்று அவரே சொன்னார். ஜீப் கிளம்பியபோது நல்லசாமி குடையை விரிக்கவும் மறந்து நின்றார். நான் அவரைத் தெரியாத மாதிரி பரமசிவன் பக்கம் நகர்ந்துகொண்டேன்.

ஜீப் வளைவில் மறைந்தது. வாசுகிக்குத்தான் கணக்கு உதைத்தது.

"அண்ணே, நூத்திப் பதினெட்டுல பதினாலு போனா நூத்தி நாலு. நூத்தி மூணு பேருதானே 'இருக்கேன்'னாங்க. ஒங்களைய யாரு கூப்புட்டா?"

பரமசிவன் நோட்டைப் புரட்டினார். இருபது வருஷ நோட்டில் எந்தப் பக்கத்திலும் அவர் பெயர் இல்லை. கூப்பிடுகிறவனுக்கு நம்பர் கிடையாது. கல்லில் நிற்கிறவன் வந்திருக்கிறானா என்று எந்தத் துரை கேட்பான்?

"முன்னாடிதானே நின்னேன்" என்றார்.

பிறகு இரண்டு மாதம். பட்டியல் பஞ்சாயத்து ஆபீஸ் சுவரில் ஒட்டியிருந்தது, போய்ப் பார்த்துவிட்டு வரலாம் என்று நானே கூப்பிட்டேன். "போவோம், போவோம்" என்பார். அந்தப் பக்கம் போகிற பஸ்ஸில் மட்டும் ஏறமாட்டார். நான் பார்த்துச் சொல்கிறேன் என்றதற்குக் கையெடுத்துக் கும்பிட்டு, வேண்டாம் என்றார். பெரட்டு மட்டும் ஒருநாள் தவறவில்லை.

தேர்தல் ஐப்பசியில் வந்தது. எஸ்டேட் பள்ளிக்கூடத்தில்தான் ஓட்டுச்சாவடி. பரமசிவன் காலையிலேயே துவைத்த சட்டையோடு வந்து வாசலில் நின்றுகொண்டார். அவர் வரிசையில் சேரவில்லை. உள்ளே போகிற ஒவ்வொருவருக்கும் நோட்டில் ஒரு கோடு போட்டார். மை வைத்த விரலைக் காட்டிக்கொண்டு வெளியே வந்தவர்கள் வீட்டுக்குப் போகாமல் அவரைச் சுற்றியே நின்றார்கள். நாலரை மணிக்கு நூற்று மூன்றாவது கோடும் விழுந்தது. உள்ளே நாற்காலிகள் நகர்த்தும் சத்தம் கேட்டது.

மேஜையில் ஜெஸிந்தா டீச்சர் உட்கார்ந்திருந்தார். பந்தலூரிலிருந்து வேலைக்குப் போட்டிருந்தார்கள், இங்கே ஒருவரையும் தெரியாது. பட்டியலில் ஸ்கேலை வைத்து மேலிருந்து கீழே இறக்கிக்கொண்டே வந்தவர் ஓரிடத்தில் நிறுத்தி, வாசலைப் பார்த்துச் சத்தமாகக் கேட்டார்.

"இந்த லயத்துல இன்னும் ஒரு பேரு பாக்கி இருக்குதே. பரமசிவன்... பரமசிவன்னு யாருங்க?"

பரமசிவன் சட்டென்று திரும்பிப் பின்னால் பார்த்தார், எவன் இன்னும் பதில் சொல்லாமல் நிற்கிறான் என்பதுபோல. பின்னால் வாசுகிதான் நின்றாள்.

"ஒங்களைத்தாண்ணே."

அவர் மறுபடி மேஜைப் பக்கம் திரும்பினார். கை மட்டும் மேலே போனது.

"கையி எல்லாருக்கும் ஒண்ணுபோலத்தான் இருக்கும்" என்றாள் வாசுகி. "வாயத் தொறந்து சொல்லுங்க."

கல்லிச்சோலை லயமே சிரித்தது. பரமசிவன் நோட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு, பென்சிலோடு இருந்த கையைத் தலைக்கு மேல் தூக்கியபடி நின்றார்.