மகன் நிறுத்தி வைத்த ஆட்டம்

பள்ளிக்கூடத்தோடு படிப்பை நிறுத்திய தேயிலைத் தோட்டத்துக்காரி எழுத வந்ததைப் பொறுத்துக்கொள்ளுங்கள். நான் பேசவே கூச்சப்படுகிறவள்.

என் மகன் தினேஷ் பழைய கேம் மெஷின் ஆட்டங்களைக் கணினியில் ஆடுவான். அன்றைக்குப் பந்தாட்டம் ஒன்றைப் பாதியில் நிறுத்திவிட்டு, "வந்து முடிக்கிறேம்மா, யாரும் தொடாதீங்க" என்று மோட்டார் சைக்கிளில் ரிங்லெட் டவுனுக்குப் போனான். லோரி மோதிவிட்டது. அவன் திரும்பவில்லை.

பிறகு கணினியும் கெட்டுப்போனது. பிரிஞ்சாங் டவுனில் கணினி பழுதுபார்க்கும் கடை வைத்திருக்கும் பாயிடம் கொண்டுபோனேன். தினேஷ் சேமித்திருந்த ஆட்டத்தை மட்டும் மீட்டு, வேறு கணினியில் திறந்தார். திரை கறுப்பாகவே நின்றது.

"கேம் மெஷின் எழும்ப பயாஸ்னு ஒரு ஃபைல் வேணும்க்கா. அதுல பல வெர்ஷன் இருக்கு."

"ஆகப் புதுசா போடுங்க பாய். அதுதானே நல்லா இருக்கும்?"

"இது அப்படி இல்லக்கா. தம்பி எந்த வெர்ஷன்ல நிறுத்துச்சோ அதுலதான் எழும்பும். அது பழைய ஜப்பான் மெஷினோடது. என் வீட்ல அந்த மெஷின் ஒன்னு சும்மாதான் கிடக்கு லா, அதுலேருந்து எடுத்துப் பார்க்கிறேன்."

சில நாள் கழித்துக் கூப்பிட்டார். திரையில் பச்சைத் திடல் வந்தது. கோல் கணக்கு ஒன்றுக்கு ஒன்று. பந்து தினேஷின் ஆட்டக்காரன் காலடியில் நின்றது.

"முடிச்சிடவாக்கா?"

"வேணாம் பாய். யாரும் தொட வேணாம்னு சொல்லிட்டுப் போனான்."

பாய் கையை எடுத்துக்கொண்டார்.

அவன் வருவான் என்று இத்தனை நாளும் நான் நம்பிக்கொண்டிருந்தது, அந்தப் பந்தைப் பார்த்தபோதுதான் எனக்கே தெரிந்தது.

மறுநாள் மழை. கொழுந்து எடுக்கப் போனேன்.