கொற்கை ஈரச்சீலை: தண்ணீரை எங்கே எடுக்க வேண்டும்?

கொற்கைக்கு ஈரச்சீலை பார்க்கப் போகிறவர்கள் பெரும்பாலும் வேடிக்கைக்காகப் போகிறார்கள். நான் போனது என் தம்பிக்காக. மூன்று வருடங்களுக்கு முன் ஓர் ஐப்பசிக் காலையில், நெல்லை டவுணில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்துக் குறுக்குத்துறைப் படியில் அம்மா வழுக்கி விழுந்து ஆற்றோடு போய்விட்டாள். துணைக்குப் போன தம்பி அந்த நேரம் பார்த்துக் காப்பி வாங்கப் போயிருந்தான். “அம்மாதான் போகச் சொன்னா” என்று அவன் கதறியதை அப்பா நம்பவில்லை. அப்பா தாசில்தாராக இருந்தவர், நேரில் பார்க்காமல் எந்த மனுவிலும் கையெழுத்துப் போடாதவர். டவுண் வீட்டை அவனிடம் விட்டுவிட்டு மதுரைக்கு என்னோடு வந்துவிட்டார். அதோடு அவனிடம் பேச்சும் நின்றது. சரி, கண்ணால்தானே பார்க்க வேண்டும், காட்டிவிடுகிறேன் என்று போன ஐப்பசியில் கிளம்பினேன்.

தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். வெள்ளைத் துணியை மரச்சட்டத்தில் கட்டி, ஆற்று வண்டலைப் பூசி, நாம் கொண்டுபோகும் தண்ணீரைத் தெளிப்பார்கள். நாம் சொல்லும் நாளில், நாம் சொல்லும் ஒரு மணி நேரம் அதில் இடமிருந்து வலமாக மொத்தமாகத் தெரியும். ஆட்கள் நடமாடியதெல்லாம் கோடுகளாக இருக்கும், முகம் மட்டும் அங்கங்கே தெளியும். துணி காய முக்கால் மணி நேரம், அவ்வளவுதான் ஆயுள். போனில் எடுத்தால் வெறும் சேறுதான் விழும் என்று முன்பே சொல்லியிருந்தார்கள், பிறகு நானும் எடுத்துப் பார்த்துவிட்டேன். அதனால்தான் அப்பாவை நேரிலேயே இழுத்துப் போக வேண்டியதாயிற்று.

மதுரையிலிருந்து நெல்லைக்கு விடியற்காலை ரயில், மூன்று மணி நேரம். டவுணில் சொந்த வீடு இருக்க, சந்திப்புக்குப் பக்கத்தில் லாட்ஜில் இரண்டு இரவுக்கு அறை போட்டேன். இரவுக்கு 1,400 ரூபாய், முன்பணம் திரும்பாது. கார் நாளுக்கு 3,500. ஓட்டுநர் சுடலை, நல்ல பேச்சுக்காரர். “தண்ணி எங்கன எடுக்கணும்க்கா?” என்று கேட்டார்.

நான் வாயைத் திறப்பதற்குள் அப்பா முந்திக்கொண்டார். “பாபநாசம் போடே. அங்கதான் தண்ணி சுத்தம்.” எங்கள் பக்கத்தில் நல்ல காரியம் எதுவானாலும் பாபநாசத் தண்ணீர்தான். நானும் தலையாட்டினேன். மேற்கே ஐம்பது கிலோமீட்டர் போய்க் கேனை நிரப்பி, மறுபடி கிழக்கே நூறு கிலோமீட்டர் ஓடிக் கொற்கை சேரும்போது மணி ஒன்று.

சீலை எழுதுகிற ஜொகராவுக்கு நாற்பத்தைந்து வயதிருக்கும். வெடுக்கென்று பேசுகிறவர். நாளையும் மணியையும் கேட்டார், தெளித்தார். துணியில் பாறை வந்தது, குரங்கு வந்தது, மொட்டைத்தலைகள் வந்தன. எங்கள் படித்துறையைக் காணோம்!

“நின்னா கோடு தடிக்கும், ஓடுனா மெலியும். இங்கன பாருங்க, இந்த ஆளு அரை மணி நேரம் நின்ன எடத்துலயே எண்ணெய் தேய்ச்சிருக்காரு” என்றவர் சட்டென்று நிறுத்தினார். “இது பாபநாசத் தண்ணியா அண்ணாச்சி? எந்தப் படியில நடந்துச்சோ அந்தப் படியிலல்லா எடுக்கணும்? அதுவும், யாரு பாக்கணுமோ அவுக கையால.”

“எல்லாம் ஏமாத்து வேலை. ஏட்டி, நாளைக்கே மதுரைக்கு டிக்கெட் போடு” என்று அப்பா எழுந்துவிட்டார். எனக்கு அப்போதுதான் விளங்கியது. மூன்று வருடமாக அந்தப் படியை மிதிக்காத மனிதர். அவர் பாபநாசம் கேட்டது சுத்தத்துக்காக இல்லை. பாவமாகத்தான் இருந்தது, ஆனால் விடுவதாக இல்லை.

மறுநாள் காலை ஆறு மணிக்கு, சொல்லாமல் கொள்ளாமல் குறுக்குத்துறையில் காரை நிறுத்தச் சொன்னேன். அப்பா இறங்கவில்லை. “நீங்க எடுக்காம நான் நகர மாட்டேன்ப்பா. சாயங்காலம் ஆனாலும் சரி.”

“எனக்கென்னக்கா, நானும் இருக்கேன்” என்று சுடலை இருக்கையைச் சாய்த்துப் படுத்தார்.

கால் மணி நேரம் என்னைத் திட்டித் தீர்த்துவிட்டு அப்பா கதவைத் திறந்தார். “பைய இறங்குங்க அண்ணாச்சி, பாசி கெடக்கு” என்றார் குளித்துக்கொண்டிருந்த ஒருவர். அப்பா குனிந்து ஒரு கையால் கேனை முக்கினார். இன்னொரு கையை நான் இறுக்கிப் பிடித்துக்கொண்டேன். அந்தத் தண்ணீரை வழி நெடுக அவர் மடியிலேயே வைத்திருந்தார்.

இந்த முறை குறுக்குத்துறை வந்தது. அம்மா கீழ்ப்படியில் தடித்த கோடாக இருந்தாள். அவளிடமிருந்து தம்பியின் கோடு ரோட்டை நோக்கி ஏறியது. வழியில் மூன்று இடத்தில் அது முடிச்சு மாதிரி தடித்திருந்தது. மூன்று முறை நின்று திரும்பிப் பார்த்திருக்கிறான். ஒவ்வொரு முடிச்சுக்கும் நேர் கீழே அம்மாவின் கை உயர்ந்திருந்தது. போ, போ என்று கோழியை விரட்டுவது போல எங்களை விரட்டுவாளே, அதே கை. அதற்கு வலப்பக்கம் அம்மாவின் கோடு இல்லை. ரோட்டிலிருந்து தம்பியின் கோடு மட்டும் தலைமுடி கனத்தில் நேரே இறங்கி ஆற்றுக்குள் போனது. என்னால் தாங்க முடியவில்லை, வாய்விட்டு அழுதேன்.

யாரும் விளக்கவில்லை. அப்பா அந்த மெல்லிய கோட்டின் மேல் விரலைக் கொண்டுபோனார்.

“தொடாதீங்க அண்ணாச்சி, கலைஞ்சிரும்” என்றார் ஜொகரா.

“எப்படி ஓடியிருக்கான் பாரு” என்றார் அப்பா. துணி முழுக்கக் காயும் வரை அசையாமல் உட்கார்ந்திருந்துவிட்டு என் போனைக் கேட்டார்.

“லே… அப்பா பேசுதேன்.” போனை அடுத்த காதுக்கு மாற்றினார். “காப்பி குடிச்சியா? சரி, குடிக்காத. மூணு பேருக்கும் சேத்துப் போடு. வாரோம்.”

போக நினைப்பவர்களுக்கு: சீலைக்கு ஆயிரம் ரூபாய், தவறான தண்ணீர் கொண்டுபோனாலும் அதே ஆயிரம். ஐப்பசி, கார்த்திகையில் படிகள் வழுக்கும், பெரியவர்களைக் கையைப் பிடித்தே இறக்குங்கள். தண்ணீரை நடந்த இடத்திலேயே எடுங்கள், அது எவ்வளவு கசப்பான இடமாக இருந்தாலும். இரண்டாம் இரவுக்கு மட்டும் லாட்ஜில் முன்பணம் கட்டாதீர்கள். எங்களுக்கு அந்த 1,400 ரூபாய் வீணாய்ப் போனது.