பதினோராவது வரி

பேய் பிசாசுன்னு யாராவது பேச்செடுத்தா மொத ஆளா எந்திரிச்சுப் போறவ நான். புளியமரத்துல வெள்ளையா ஒண்ணு நின்னுச்சுன்னு சொன்ன எங்க சித்தப்பாகிட்ட, எத்தன கிளாஸ் உள்ள போனதுக்கப்புறம் நின்னுச்சுன்னு கேட்டு அம்மாகிட்ட அடி வாங்கிருக்கேன். அப்பேர்ப்பட்டவ சொல்றேன், நீங்க நம்புனாலும் சரி, சிரிச்சாலும் சரி. இதுல சுடுகாடு கெடையாது, அமாவாசை கெடையாது, ராத்திரிகூடக் கெடையாது. பட்டப்பகல் மூணு மணி, வெளிய திண்டுக்கல் வெயிலு, மேல ஃபேனு கடகடன்னு ஓடுது, முன்னால ஒரு கம்ப்யூட்டரு. அம்புட்டுத்தான்.

ரெண்டாயிரத்து ஆறுன்னு நெனைக்கிறேன். எம்.சி.ஏ. முடிச்சுட்டு பஸ் ஸ்டாண்டு பக்கம் சைக்கிள் ஸ்பேர்ஸ் கடைக்கு மேல ஒரு ரூம்ல வேலை பாத்தேன். நானும் முதலாளி முருகேசன் சாரும், ரெண்டே பேரு, அதுக்குப் பேரு கம்பெனி. ஒட்டன்சத்திரத்துல காய்கறி வைக்கிற ஒரு கோல்டு ஸ்டோரேஜுக்கு புரோகிராம் போட்டுக் கொடுத்திருந்தோம். ஒவ்வொரு ரூமுக்கும் ஒரு மீட்டரு, அந்த மீட்டரோட வந்த புரோகிராமு நிமிஷத்துக்கு ஒரு வரி டெம்பரேச்சர ஸ்க்ரீன்ல எழுதும். நாங்க பைத்தான்ல ஒரு லைப்ரரி எழுதி, அந்த வரி ஸ்க்ரீனுக்குப் போறதுக்கு முன்னாடி நடுவுல பிடிச்சுக்குவோம். ஒவ்வொரு வரி சிக்குனதும் நாங்க சொல்லி வச்ச ஒரு ஃபங்ஷன் ஓடும், அதுக்கு கால்பேக்குன்னு பேரு. அதுதான் நம்பரப் பெருசாக் காட்டும், சூடு ஏறுனா மணியடிக்கும். பெரிய ராக்கெட் வித்தையெல்லாம் இல்ல.

அங்க ஆபரேட்டரு பழனியப்பன்னு ஒருத்தரு. அம்பத்தஞ்சு வயசு இருக்கும், மூணாங்கிளாஸோட படிப்ப விட்டவரு, கீபோர்டுல கை வைக்கச் சொன்னா ஷாக் அடிக்குமுங்களான்னு கேப்பாரு. என்னைய அம்மிணின்னுதான் கூப்புடுவாரு. நான் போறப்பல்லாம் ஒரு பையில தக்காளியோ முருங்கக்காயோ போட்டுக் கொடுத்துருவாரு, வேண்டான்னா விடமாட்டாரு. நல்ல மனுசன், அதச் சொல்லிட்டுத்தான் மேல சொல்லணும்.

அன்னைக்கு அங்க மார்க்கெட் லீவு, கோல்டு ஸ்டோரேஜுல அவரு மட்டுந்தான். முருகேசன் சாரும் குஜிலியம்பாறைல ஏதோ காதுகுத்துன்னு போயிட்டாரு. ரெண்டு மணி வாக்குல பழனியப்பண்ணன் லேண்ட்லைன்ல பேசுனாரு. ரெண்டாம் நம்பர் ரூமு காலையில இருந்து ஒரே நம்பரையே காட்டுதாம், அசையவே மாட்டேங்குதாம். அந்த ரூமுக்குப் போன வாரந்தான் புது மீட்டரு மாட்டியிருந்தோம். மைனஸ் பதினெட்டு டிகிரி, பட்டாணியும் சோளமும் ஐஸாக்கி வைக்கிற ரூமு. எங்க புரோகிராம்ல தப்பிருக்கலாம்னு எனக்குத் தோணவே இல்ல, தோணாதுல்ல, நான் எழுதுனது. ஒயருதான் கழண்டிருக்கும்னு அடிச்சுச் சொன்னேன்.

"அண்ணே, செத்த உள்ள போயி சென்சார் ஒயரு கழண்டிருக்கான்னு பாத்துச் சொல்லுங்க. ரெண்டு நிமிஷ வேலதான்."

"ஆகட்டுங்க அம்மிணி. பாத்துப்போட்டுக் கூப்புடறனுங்க."

அதுதான் நான் அவரு குரலக் கேட்ட கடைசி. அரை மணி நேரமாச்சு, கூப்புடல. நான் ஒருதடவ போன் போட்டேன், அடிச்சு அடிச்சு நின்னுபோச்சு. டீக்கடைக்குப் போயிருப்பாருன்னு விட்டுட்டேன். சும்மா இருக்குறதுக்கு நம்ம லைப்ரரியையும் ஒரு டெஸ்ட் பண்ணிருவோம்னு உக்காந்தேன், அதுலயும் ஒரு வீம்புதான், எங்க தப்பில்லைன்னு காட்டணும்ல.

டெஸ்ட் ரொம்ப சின்னது. மீட்டரு மாதிரியே நடிக்கிற ஒரு போலி புரோகிராமு, பத்து வரி எழுதும், நின்னுரும். எங்க லைப்ரரி அந்தப் பத்தையும் பிடிக்கணும், கால்பேக் பத்துதடவ ஓடணும். பத்து வந்தா பாஸ், இல்லாட்டி ஃபெயில். ஓட்டுனேன், ஃபெயிலுன்னு வந்துச்சு. சரி ஒரு வரி விட்டுப்போச்சு போலன்னு பாத்தா, கொறையல, கூடிருக்கு. பதினொண்ணு.

பத்து நம்பருக்கும் கீழ பதினோராவதா ஒரு வரி. இங்கிலீஷ் எழுத்துல, ஆனா தமிழு. "கதவு தொறக்க மாட்டேங்குதுங்க."

எனக்கு பயமெல்லாம் வரல, கோவந்தான் வந்துச்சு. முருகேசன் சாருக்கு இந்த மாதிரி வெளையாட்டு உண்டு, எங்கயாவது ஒளிச்சு எழுதி வச்சிருப்பாருன்னு போலி புரோகிராம வரி வரியாப் படிச்சேன். பத்தே பத்துதான் இருக்கு, நானே அரை மணி முன்னாடி அடிச்சது. லைப்ரரிய அலசுனேன், அப்படி ஒரு வாக்கியமே இல்ல. அந்த மெஷின்ல நெட் கெடையாது, ஒட்டன்சத்திரத்துக்கும் அதுக்கும் ஒரு ஒயரு சம்பந்தம்கூடக் கெடையாது. திருப்பி ஓட்டுனேன், திருப்பியும் பதினொண்ணு, அதே வரி.

இப்ப நான் பண்ணத சொல்றேன், எங்க தொழில்ல இருக்குறவங்களுக்குத்தான் இது எம்புட்டு சாதாரணம்னு தெரியும். டெஸ்ட் ஃபெயிலாச்சுன்னா ஏன்னு பாக்கணும். ஆனா மண்டை காஞ்சு, மணியும் ஆயிருச்சுன்னா, பாஸ் ஆகுற மாதிரி மாத்திருவோம், எல்லாரும் ஒருதடவயாவது பண்ணிருப்பாங்க. நான் ரெண்டே வரி எழுதுனேன்: நம்பர்ல ஆரம்பிக்காத எதையும் கால்பேக்குக்கு விடாத, தள்ளுறத, வந்த நேரத்தையும் குறிச்சு, தனியா ஒரு ஃபைல்ல போட்டு வையி. ஓட்டுனேன், பத்து, பாஸ். ராவெல்லாம் ஆயிரந்தடவ திருப்பித் திருப்பி ஓடட்டும்னு விட்டுட்டு, கொஞ்ச நேரம் உக்காந்திருந்து, அஞ்சரை பஸ்ஸப் பிடிச்சு எங்க ஊரு சேவுகம்பட்டிக்குப் போயிட்டேன். அன்னைக்கு வீட்டுல நல்லா சாப்ட்டு நல்லாத் தூங்குனேன், அதையும் சொல்லணும்.

காலையில வந்து பாத்தா ஆயிரமும் பாஸ். சந்தோஷமா சேர இழுத்துப் போட்டு உக்காரப் போறேன், போன் அடிக்குது. கோல்டு ஸ்டோரேஜ் ஓனரு. ராத்திரி ஏழரைக்கு கேரளா லோடு ஏத்த வந்த லாரி டிரைவரு ரெண்டாம் நம்பர் ரூமத் தொறந்திருக்காரு, கதவுக்குப் பின்னாலயே பழனியப்பண்ணன் கெடந்திருக்காரு. உள்ள இருந்து தள்ளித் தொறக்குற குமிழு ஒடஞ்சு ஒரு மாசமாச்சாம், கதவு சாத்திக்காம இருக்க எப்பவும் ஒரு கூடைய முட்டுக் கொடுத்துட்டுத்தான் போவாராம், அன்னைக்குக் கூடை நகந்திருச்சு போல. ரெண்டு நிமிஷ வேலன்னு கோட்டுகூடப் போடாம, சட்ட வேட்டியோட போயிருக்காரு. தள்ளித் தள்ளி ரெண்டு கையும் ரத்தமா இருந்துச்சாம்.

துட்டி கேக்க அவரு வீட்டுக்குப் போனேன். அவரு சம்சாரம் என் கையப் பிடிச்சுக்கிட்டு, "லீவு நாள்ல அந்த ரூமுக்குள்ளாற இவருக்கு என்னங்க அம்மிணி வேல?"ன்னு கேட்டுச்சு. எனக்குத் தெரியலக்கான்னு சொன்னேன். சொன்னேன்தான, இப்ப மறைக்கிறதுக்கு என்ன இருக்கு.

ஒரு வாரங்கழிச்சு முருகேசன் சாரு ரெண்டாம் நம்பரு ஏன் அசையலன்னு கண்டுபிடிச்சாரு. அந்தப் புது மீட்டரோட புரோகிராமு, ஸ்க்ரீனுக்கு எழுதுனா உடனுக்குடனே எழுதும், நாம நடுவுல பிடிச்சா மட்டும் வரிகளச் சேத்து அடக்கி வச்சுக்கிட்டு நெறஞ்சாத்தான் விடும். அத உடனுக்குடன் தள்ளச் சொல்லி நான் ஒரு வரி எழுதியிருக்கணும், எழுதல. ஒயருல ஒண்ணுமில்ல, சென்சாருல ஒண்ணுமில்ல. என் தப்பு. அந்த மனுசன் உள்ள போயிருக்கவே வேண்டாம். பாத்ரூமுக்குள்ள போயிக் குழாயத் தொறந்து விட்டுட்டு அழுதேன்.

அன்னைக்குச் சாயங்காலம் சாரு கெளம்புனதுக்கப்புறந்தான் அந்த ஃபைலு ஞாபகம் வந்துச்சு. தள்ளுன வரியெல்லாம் போட்டு வையின்னு சொன்னேன்ல, அது. தொறந்து பாத்தேன். ஒரு வரி இல்ல, பக்கம் பக்கமா இருந்துச்சு. மூணே காலுல இருந்து "கதவு தொறக்க மாட்டேங்குதுங்க", நிமிஷத்துக்கு ஒண்ணு, ரெண்டு. நாலு மணிக்கு மேல "ஆராச்சும் இருக்கீங்களா". நான் அஞ்சு இருபதுக்கு ரூமப் பூட்டுனேன், அதுவரைக்கும் நான் அந்த மெஷினுக்கு எதுத்தாப்புலதான் உக்காந்து வாரப் பத்திரிகை படிச்சிக்கிட்டிருந்தேன், ஃபைலப் பாத்தா அப்பவும் வந்துக்கிட்டுத்தான் இருந்திருக்கு. அஞ்சரைக்கு மேல வரிக்கும் வரிக்கும் இடைவெளி கூடிக்கிட்டே போகுது. ஆறு மணிக்கு வெறும் "குளுருதுங்க". ஆறு இருபதுக்கு மேல ஒண்ணுமே இல்ல. அதோட முடிஞ்சுச்சுன்னு நெனச்சு மூடப் போனேன், கீழ இன்னும் ஒரு வரி இருந்துச்சு.

ராத்திரி எட்டு பத்து. அவர வெளிய எடுத்து நாப்பது நிமிஷம் ஆயிருச்சு, ஆஸ்பத்திரி வராண்டாவுல துணி போத்திக் கெடத்தியிருந்த நேரம் அது. அவரு ஒயரப் பாக்கப் போனது எனக்கும் அவருக்கும் மட்டுந்தான் தெரியும். ஒயருல தப்பில்லைங்குறது எங்க யாருக்குமே ஒரு வாரங்கழிச்சுத்தான் தெரியும்.

"பாத்துட்டனுங்க அம்மிணி, ஒயரு நல்லாத்தானுங்க இருக்குது."