அரிசி வாளிக்குள் கடப்பிதழ்

அந்தத் தொலைக்காட்சித் தொடரில் ஆறு பேர் பூமியின் ஆழத்துக்கு இறங்கினார்கள். பள்ளி விடுமுறை என்பதால் தினமும் மாலை தவறாமல் பார்த்தேன். பெயர், இறங்கிய ஆழம், மிச்சமிருக்கும் தண்ணீர், உயிரோடு இருக்கிறாரா என்று நோட்டில் கட்டம் போட்டிருந்தேன். ஏழாவது பெயர் அப்பாவுடையது. தினமும் சிங்கப்பூருக்குப் போய் ரயில் சுரங்கம் தோண்டிவிட்டு வரும் வேலை அவருக்கு. எவ்வளவு ஆழம் என்று தெரியாததால் அந்தக் கட்டம் காலியாக இருந்தது.

ஒரு நாள் தொடரில் மண் சரிந்தது. மூன்று பெயர்களை அடித்தேன். அதே வாரம், அப்பாவின் மோட்டார் சைக்கிளில் பின்னால் உட்கார்ந்து அதே வேலைக்குப் போகும், மூன்றாம் மாடியில் எங்கள் பக்கத்து வீட்டு மாமா காலில் மாவுக்கட்டோடு திரும்பி வந்தார். குளியலறையில் வழுக்கிவிட்டதாக என்னிடம் சொன்னார்கள்.

மறுநாள் காலை அப்பாவின் கடப்பிதழை, அந்தச் சிவப்பு பாஸ்போர்ட்டை, அரிசி வாளிக்குள் புதைத்தேன். அது இல்லாமல் சிங்கப்பூருக்குப் போகும் எல்லைப் பாலத்தைத் தாண்ட முடியாது என்பது எங்கள் ஊரான மாசாயில் எந்தப் பிள்ளைக்கும் தெரியும்.

"அலமாக், நேத்து டிவி மேலதானே இருந்துச்சு? வேல போயிருங்க," என்று மெத்தையைப் புரட்டிய அம்மா, தேடி முடிக்காமலே தொழிற்சாலை பஸ்ஸுக்கு ஓடினார்.

மதியம் சோறு வைக்க அப்பா வாளியைத் திறந்தார். நான் கதவோரம் நின்றேன். அரிசியோடு சிவப்பு அட்டையும் வந்தது. அதைச் சிறிது நேரம் பார்த்தார். பிறகு இன்னும் ஆழமாகச் செருகி, அரிசியைச் சமன் செய்து, இரண்டு டப்பா அளந்தார்.

அம்மா போனில் கேட்டபோது, "இல்லலா, வீடு பூரா தேடிட்டேன்," என்றார்.

எனக்கு அடி விழக்கூடாது என்றுதான் பொய் சொல்கிறார் என நினைத்தேன். ஆனால் வேலைக்குப் போகாமல் மூன்று நாளும் ஏன் அதையே சொன்னார் என்று குழம்பினேன். மூன்று மாலையும் என்னோடு உட்கார்ந்து தொடரைப் பார்த்தார்.

"எத்தன பேரும்மா மிச்சம்?" என்று என்னிடம் கேட்டார்.

"மூணு பேருப்பா. உங்களோட நாலு."

அவர் நோட்டை வாங்கி வெகுநேரம் பார்த்தார்.

நான்காம் நாள் மேற்பார்வையாளர் போன் செய்தார். அப்பா தானே வாளியைத் திறந்து, கடப்பிதழில் ஒட்டிய அரிசியைத் தட்டிவிட்டு, சட்டைப் பையில் வைத்தார்.

வாசலில் தலைக்கவசத்தை மாட்டியபடி, "மாமா பேரையும் அதுல எழுதிக்க," என்றார்.

குளியலறையில் விழுந்தவருக்கு இந்தப் பட்டியலில் என்ன வேலை என்று புரியவில்லை. அப்பா சொன்னதால் எழுதினேன். ஆழம் என்ற கட்டத்தில், நன்றாக யோசித்து, 'மூன்றாம் மாடி' என்று போட்டேன்.