நிழலில் நின்ற காத்தாயி

தஞ்சாவூர் பெரிய கோயில் வாசலில் முப்பத்தோரு வருடம் கைடாக நின்றவன் நான். பெயர் தியாகராசன். அத்தனை வருடத்தில் நான் விட்ட புளுகுகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினால் விமானத்தைத் தாண்டிப் போகும். வெள்ளைக்காரர்களிடம் "இது தென்னாட்டுப் பிரமிடு" என்பேன். உடனே கேமராவைத் தூக்குவார்கள். நம்மவர்களிடம் "இந்தக் கோபுரத்தின் நிழல் தரையில் விழவே விழாது" என்பேன், கன்னத்தில் போட்டுக்கொள்வார்கள். எல்லோரும் அண்ணாந்து மேலேதான் பார்ப்பார்கள். குனிந்து தரையைப் பார்த்தவர் எனக்குத் தெரிந்து ஒருவர்தான். குடவாசல் பக்கம் வடவேலங்குடி சேரியைச் சேர்ந்த காத்தாயி.

எழுபத்தொன்பதாம் வருடம், பங்குனி மாதம். முதியோர் கல்வி என்று அரசாங்கம் ஊர் ஊராக இரவுப் பள்ளி நடத்திய காலம். வடவேலங்குடிப் பள்ளிக்கு ஹபீபுன்னிசா என்று ஒரு டீச்சர். எழுத்துக் கூட்டிப் படிக்கப் பழகிய இருபத்திரண்டு பெண்களை ஒரு வேனில் அடைத்து, ஒருநாள் சுற்றுலா அழைத்து வந்திருந்தார். காலையில் பெரிய கோயில், மத்தியானம் சுவாமிமலையில் சிலை வார்க்கிற பட்டறை, இருட்டுவதற்குள் ஊர். நாள் முழுவதும் கூட வருவதற்கு என்னைப் பேசியிருந்தார்கள். நடவு ஆட்கள்தானே, நாலு கதை சொல்லி ஓட்டிவிடலாம் என்று நினைத்தேன். அந்த நினைப்புக்குத்தான் அன்றைக்கு நான் வாங்கிக் கட்டிக்கொண்டேன்.

பத்து மணி இருக்கும். விமானத்துக்கு மேற்கே அவர்களை நிறுத்தி, வழக்கமான பாட்டை ஆரம்பித்தேன். எகிப்தில் பிரமிடு என்று ஒன்று இருக்கிறது, அதற்கு இது எந்த விதத்திலும் குறைந்ததில்லை என்றேன்.

"அதுல என்ன சாமிங்க இருக்கு?" என்று கேட்டார் ஒருவர். நெடுநெடுவென்று உயரம், ஐம்பது வயதுக்குள் இருக்கும், வெற்றிலைக் காவி ஏறிய பல். அவர்தான் காத்தாயி.

"சாமி இல்லம்மா. ராசாவோட பொணத்தை வைக்கிற எடம்."

"கல்லு சொமந்தவங்க பொணத்தை எங்க வச்சாங்க?"

அதுவரை என்னிடம் எந்த நாட்டுக்காரரும் அந்தக் கேள்வியைக் கேட்டதில்லை. "அதெல்லாம் யாருக்கும்மா தெரியும்" என்று மழுப்பிவிட்டு நிழல் கதைக்குத் தாவினேன். நிழல் தரையில் விழாது என்று நான் சொல்லி முடித்ததும் பெண்கள் கைகூப்பினார்கள். காத்தாயி மட்டும் கூப்பவில்லை. வெறுங்காலால் தரைக் கல்லைத் தடவிப் பார்த்தார்.

"அப்ப நான் எதுலங்க நிக்கிறேன்? அந்தாண்ட கல்லு சுடுது. இந்தாண்ட சில்லுன்னு இருக்கே."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. நாங்கள் எல்லோருமே விமானத்தின் நிழலில்தான் நின்றுகொண்டிருந்தோம். அது மேற்கு மதிலை நோக்கிப் பாய் விரித்த மாதிரி கிடந்தது. காத்தாயி அத்தோடு விடவில்லை. நிழல் முடிகிற கோட்டில் குதிகாலை வைத்து, அடிமேல் அடியாக ஒட்டி ஒட்டி அளந்துகொண்டே வந்தார். பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். டீச்சர் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

அப்படி அளக்க அவருக்கு எப்படி வந்தது என்று பிறகு வேனில் டீச்சர் சொன்னார். காத்தாயி பண்ணையாள் வீட்டில் பிறந்தவர். ஒன்பது வயதில் நாற்றங்காலில் இறங்கியவர். மிராசுதார் இராஜாங்கத்தின் பண்ணையில் கடிகாரம் கிடையாது. ஆளின் நிழல் பன்னிரண்டு அடி விழுந்தால் கரையேறலாம் என்பது பேச்சு. ஆனால் பண்ணையின் காரியக்காரர் காலை அகட்டி வைத்து அளப்பார். அவருடைய பன்னிரண்டு அடிக்குள் பொழுதே சாய்ந்துவிடும். ஒருநாள் காத்தாயி வயலிலிருந்து ஏறி, "குதியும் வெரலும் ஒட்டணுங்க" என்று சொல்லி, தானே அளந்து காட்டி, நாற்பது பெண்களையும் கரையேற்றிவிட்டார். அதற்கு அவர் புருஷன் வீரையனைக் கட்டிவைத்து அடித்தார்கள். மறுநாளும் காத்தாயி அளந்தார். கூலிச் சண்டை, கொடி, கோர்ட்டு எல்லாம் அந்த ஊருக்கு அதற்கப்புறம்தான் வந்தன. வீரையன் செத்தபோது வயல் வழியாகப் பிணம் போகக் கூடாது என்று மறித்துவிட்டார்கள். மார்பளவு வாய்க்கால் தண்ணீரில் தூக்கிக்கொண்டு போய்த்தான் எரித்தார்கள்.

இதெல்லாம் தெரியாமல், மானம் போன எரிச்சலில் நான் இன்னொரு வேலை செய்தேன். கைடுகளுக்குள் ஒரு தந்திரம் உண்டு. எந்த ஊர் ஆட்கள் வந்தாலும், விமானத்தின் அடித்தளத்தில் இருக்கிற கல்வெட்டைக் காட்டி, "உங்க ஊர் பேரும் இதுல இருக்குங்க" என்பது. முகம் மலர்ந்துவிடும். கல்வெட்டு எழுத்தில் எனக்குப் பத்துப் பதினைந்துதான் தெரியும். ஆனால் ஆராய்ச்சிக்கு வந்த ஒருவருக்கு ஒரு மாதம் குடை பிடித்ததில் சில வரிகள் மனப்பாடம். ராசா கோயிலுக்கு எழுதிவைத்த ஊர்களில் எந்தெந்த இடத்துக்கு வரி கிடையாது என்கிற பட்டியல் அது. கல்லில் விரலை ஓட்டி, கணீரென்று படித்தேன்.

"வடவேலங்குடி! இந்த ஊர்ல ஊர்நத்தம், குளம், ஊடறுத்துப் போற வாய்க்கால், பறைச்சேரி, சுடுகாடு, பறைச்சுடுகாடு, இதுக்கெல்லாம் வரி இல்ல. ஆயிரம் வருஷத்து எழுத்தும்மா இது!"

பெண்கள் "அட ஆத்தே" என்று கல்லைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார்கள். காத்தாயி அசையவில்லை.

"அப்பவே சேரி தனியாங்க?"

"ஆமாம்மா."

"சுடுகாடுமா ரெண்டு?"

"ரெண்டுதாம்மா" என்றேன், ஏதோ பரிசு கொடுக்கிறவன் மாதிரி. அவர் அப்படியே கல்தரையில் உட்கார்ந்துவிட்டார்.

சுவாமிமலைப் பட்டறையில் ஸ்தபதி மெழுகில் சிலை பிடித்து, அதன்மேல் காவிரி வண்டலைப் பூசி, மெழுகை உருக்கி வடித்து, அந்த இடத்தில் உலோகத்தை ஊற்றுவதை எல்லாம் விளக்கினார். பெண்கள் வண்டலை உருட்டிப் பார்த்து, நம்ம ஆத்து மண்ணுதான் என்று பேசிக்கொண்டார்கள். காத்தாயி ஒன்றே ஒன்று கேட்டார்.

"செஞ்சவரு பேரை எங்கங்க போடுவீங்க?"

"பேரு போடற வழக்கமில்லம்மா" என்றார் ஸ்தபதி.

"எங்க சேரிக்குப் போட்டிருக்காங்க" என்று சொல்லிவிட்டுக் காத்தாயி வேனில் போய் உட்கார்ந்துகொண்டார்.

இருபது நாள் கழித்து, வெள்ளிக்கிழமை காலையில், கோயில் வாசலில் காத்தாயியும் டீச்சரும் நின்றார்கள். விஷயம் இதுதான். எழுபத்தொன்று ஜூனில் எந்த மனையில் குடியிருந்தார்களோ அந்த மனை விவசாயத் தொழிலாளிக்கே சொந்தம் என்று அரசாங்கம் சட்டம் போட்டிருந்தது. வடவேலங்குடியில் பதினெட்டுக் குடிசை. மிராசுதார் இராஜாங்கமோ, "எழுபத்திரண்டுலதான் பாவம்னு நான் கொண்டுவந்து குடிவச்சேன், எடத்தைக் காலி பண்ணணும்" என்று மனுப் போட்டிருந்தார். குடிசைக்காரர்களிடம் ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. திங்கட்கிழமை தாசில்தார் விசாரணை. தோற்றால் பதினெட்டுக் குடும்பமும் ரோட்டோரம்தான்.

"நீங்க வந்து கல்லுல இருக்கறதைச் சொல்லணும்" என்றார் காத்தாயி.

"நானா? ஆபீஸ், கேஸுன்னு எல்லாம் எனக்குப் பழக்கமில்லம்மா."

"இருக்கறதைத்தானங்க சொல்லப் போறீங்க. இல்லாததையா சொல்லச் சொல்றேன்?"

தலையை ஆட்டி அனுப்பிவைத்தேன். அன்றைக்கும் மறுநாளும் விமானத்தைச் சுற்றிச் சுற்றி வந்தேன், எங்கேயாவது அந்தப் பெயர் அகப்படாதா என்று. கல்வெட்டு படிக்கத் தெரிந்த ஒரு பெரியவரைப் பிடித்துக் கேட்டேன். "வடவேலங்குடியா? அப்படி ஒரு ஊரே இதுல கிடையாதேப்பா" என்றார். ஒரு வாய்ச் சவடாலை நம்பிப் பதினெட்டு வீடு நிற்கிறது!

விசாரணைக்கு முன்னால் காத்தாயியைத் தனியே கூப்பிட்டு உண்மையைச் சொல்லிவிடுவது என்றுதான் திங்கட்கிழமை பஸ் ஏறினேன். பாழாய்ப்போன பஸ் வழியில் பஞ்சர். தாலுகா ஆபீசுக்குள் நான் மூச்சிரைக்க நுழைந்தபோது, "சாட்சி வந்தாச்சுங்க" என்று டீச்சர் கையைக் காட்டினார். எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். இராஜாங்கம் வெள்ளைச் சட்டையில், விரலில் மோதிரம் மின்ன, நாற்காலியில் சாய்ந்திருந்தார். காத்தாயியும் மற்றவர்களும் சுவரோரம் நின்றார்கள்.

"என்னப்பா சொல்லணும்?" என்றார் தாசில்தார்.

சுவரோரம் நின்ற முகங்களைப் பார்த்தேன். உண்மையைச் சொல்ல வந்த வாய் என்னைக் கேட்காமலே பழைய பாட்டைப் பாடியது. வடவேலங்குடி, ஊர்நத்தம், வாய்க்கால், சேரி, சுடுகாடு எல்லாம் பெரிய கோயில் கல்வெட்டில் இருக்கிறது என்றேன்.

இராஜாங்கத்தின் வக்கீல் எழுந்து சிரித்தார். "சார், கேஸ் எழுபத்தொண்ணைப் பத்தி. இவர் ராசராசனைக் கூட்டிட்டு வர்றாரு."

தாசில்தாரும் சிரித்துவிட்டார். "அவர் சொல்றது சரிதானே? ஆயிரம் வருஷத்துக் கல்லை வச்சு நான் என்ன பண்றது?" என்று தாளை ஒதுக்கினார். முடிந்தது கதை என்று நினைத்தேன். காத்தாயியின் பக்கம் பார்க்கவே எனக்குத் தைரியம் வரவில்லை.

அப்போதுதான் இராஜாங்கம் தொண்டையைச் செருமினார். பெரிய கோயிலில் தன் ஊர்ப்பெயர் இருக்கிறது என்று கேட்டதும் அவருக்குத் தலைகால் புரியவில்லை.

"இருக்கும் சார், இருக்கும். எங்க ஊரை என்னன்னு நெனச்சீங்க? நடுவுல கோயிலு, மேக்கால எங்க தெரு, வாய்க்காலைத் தாண்டிக் கெழக்கால இவங்க சேரி. எங்க முப்பாட்டன் காலத்துலேர்ந்து அந்த வரிசை மாறினதே இல்ல. அந்தச் சேரியில ஒரு குடிசையை நாங்க வாய்க்காலுக்கு இந்தப் பக்கம் போடவிட்டதில்ல!"

வக்கீல் அவர் சட்டையைப் பிடித்து இழுத்தார். தாசில்தாரின் பேனா நின்றது.

"மாறினதே இல்லையா?"

"எந்தக் காலத்துலயும் இல்ல சார்" என்று வாய்விட்ட பிறகுதான் இராஜாங்கத்துக்கு உறைத்தது, அந்தச் சேரியையே எழுபத்திரண்டில் தான் குடிவைத்ததாக மனுப் போட்டிருப்பது. எட்டு வருடமாக எந்தக் காகிதமும் செய்யாததை அவருடைய பெருமையே செய்துவிட்டது. தாசில்தார் அதை வரிக்கு வரி எழுதிக்கொண்டு, கீழே அவரிடமே கையெழுத்து வாங்கினார். பதினெட்டு மனையும் குடியிருப்பவர்களுக்கே என்று உத்தரவானது. மிராசுதாரைப் பார்க்க எனக்கே பாவமாக இருந்தது என்று சொன்னால் அது என்னுடைய இன்னொரு புளுகு.

வெளியே பெண்கள் குலவை போட்டார்கள். டீச்சர் அழுதார். காத்தாயி மட்டும் என்னைப் பஸ் நிறுத்தத்துப் பக்கம் தனியே அழைத்துப் போனார்.

"தம்பி, எங்க ஊரு பேரு அந்தக் கல்லுல இல்லதானே?"

"உங்களுக்கு எப்படிம்மா..."

"நெழலு விழாதுன்னு சொன்ன வாயிதானே அது."

"இல்லம்மா. பேரு நான் சேத்துச் சொன்னது. மன்னிச்சுருங்க."

அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். தாசில்தார் உத்தரவைப் படித்தபோதுகூட அவர் முகத்தில் அவ்வளவு ஆசையை நான் பார்க்கவில்லை.

"அப்ப சேரி தனி, சுடுகாடு தனின்னு படிச்சீங்களே? அதுவும் நீங்க சேத்ததுதானே?"

ஆமாம் என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். வாழ்க்கையில் முதல் தடவையாக எனக்குப் பொய் வரவில்லை.

"இல்லம்மா. அது மட்டும் நெசம். ஒரு ஊருக்கில்ல, பல ஊருக்கு அப்படித்தான் வெட்டியிருக்கு."

கை மெல்ல நழுவியது. "நீங்க பொய்யி சொல்றவருன்னு நம்பித்தானே தம்பி, இத்தனை நாளும் நான் தூங்கினேன்" என்றார் காத்தாயி.

பஸ் வந்தது. மனை உத்தரவை நாலாக மடித்து இடுப்பில் செருகிக்கொண்டு, என்னைத் திரும்பிப் பார்க்காமல் ஏறிப் போனார்.