களத்தில் தூற்றியது

இன்று களத்தில் சுளகோடு நின்று குதிரைவாலியைத் தூற்றிக்கொண்டிருந்தோம். நாளை அக்காவைப் பெண் பார்க்கப் பந்தல்குடியிலிருந்து வருகிறார்கள்.

பக்கத்து வீட்டுப் பெரியம்மா அதற்குள் ஆரம்பித்துவிட்டார். "பஸ்ஸுல கண்டக்டரோட என்னா சிரிப்பு! மாப்பிள்ளை வீட்டுக்காரவுக காதுல விழுந்தா என்னாகும்?"

எல்லாரும் அக்காவைப் பார்த்தார்கள். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

நான் இடம் மாறி நின்று தூற்றினேன். பதரெல்லாம் பெரியம்மா மேல் பறந்தது.

"ஏலே, எம்மேல எதுக்குலே தூத்துற?"

"நான் பதரத்தான் தூத்துறேன் பெரியம்மா. நீங்க அக்காவையே தூத்துறீக!"

பழி பேசுவதைத் தூற்றுவது என்று முதலில் சொன்னவர் இப்படி ஒரு களத்தில்தான் நின்றிருக்க வேண்டும்.

பெரியம்மா கண்ணில் தூசி விழுந்துவிட்டது. அக்காதான் ஓடிவந்து, இமையைப் பிரித்து மெதுவாக ஊதிவிட்டாள். எனக்குத் தலையில் ஒரு குட்டு.

தூசி போன பிறகும் பெரியம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தார்.

"நாளைக்கு அவுக வாரப்ப நான் முன்னால உக்காந்து பேசுறேன்டீ. நீ நல்லாச் சிரி."

தூற்றினால் பதர் பறக்கும், மணி களத்திலேயே தங்கும். எங்கள் ஊரில் மட்டும் பெரியம்மா இங்கேயே இருப்பார், அக்கா பந்தல்குடிக்குப் போய்விடுவாள்.

இது என்ன நியாயம், நீங்களே சொல்லுங்கள்.